இரண்டு சைரனுக்கு நடுவில்

சுங்குவார்சத்திரத்திலிருந்து ஒரகடம் போகிற வழியில் இரண்டு கம்பெனிகள் பக்கத்துப் பக்கத்தில் நிற்கின்றன. ஒன்றில் செல்போனுக்கு உள்ளே போகிற பொடிச் சாமான்கள் செய்கிறார்கள், மற்றதில் லாரிக்கு கியர் கடைகிறார்கள். இருவருமே நிலத்தை ஒழுங்காகத்தான் அளந்தார்கள். அளந்து, மதிலும் எழுப்பி முடித்துப் பார்த்தால் நடுவில் ஒன்பதடி அகலத்தில் ஒரு சந்து மிச்சம். இவர்கள் பத்திரத்திலும் இல்லை, அவர்கள் பத்திரத்திலும் இல்லை. சென்ட் கணக்கில் அடித்துக்கொள்ளும் இந்த வட்டாரத்தில் யாருக்கும் சொந்தமில்லாத இடம் ஒன்று இருக்குமா என்று கேட்பீர்கள். அளக்க வந்த சர்வேயரும் அதையேதான் கேட்டார். மூன்று முறை அளந்தார், மூன்று முறையும் வேறு வேறு நீளம் வந்தது, டேப்பைச் சுருட்டிக்கொண்டு போய்விட்டார்.

இடம்தான் இப்படி என்றால் நேரமும் அப்படி. செல்போன் கம்பெனியில் ஏ ஷிப்ட் முடிகிற சைரன் ஒன்று ஐம்பத்தைந்துக்கு. கியர் கம்பெனியில் பி ஷிப்ட் தொடங்குகிற சைரன் இரண்டு ஐந்துக்கு. நடுவில் உள்ள பத்து நிமிடம் எந்தக் கம்பெனிக்கும் சேராது. அந்தப் பத்து நிமிடத்தில் அந்தச் சந்துக்குள் நுழைந்தால் உள்ளே நான்கு மணி நேரம் கிடைக்கும்.

மற்ற நேரத்தில் போனால் பதினோரு எட்டில் முட்டுச்சுவர், நாய்கூடத் திரும்பிவிடும். சைரனுக்கும் சைரனுக்கும் நடுவில் போனால் அந்தச் சுவர் இருக்காது. இரண்டு மதிலும் நீண்டுகொண்டே போகும். வெளியே லாரிக்காரர் ஒரு தட்டு தட்டிய ஹார்ன் உள்ளே ஒரு நிமிடம் முனகும். மேலே ஒரு காக்கை இந்த மதிலிலிருந்து அந்த மதிலுக்குப் போவதற்குள் முப்பது எண்ணலாம். பசிக்காது, நகம் வளராது, தாடி வளராது. தூக்கம் வரும், பேச்சு வரும், அவ்வளவுதான். ஷிப்டில் வேலை பார்க்கிறவர்களுக்கு வேறென்ன வேண்டும்? இரண்டாவது சைரன் தொடங்கியதும் உள்ளே இருப்பவரைச் சந்தே மெதுவாக வெளியே தள்ளிவிடும். எழுந்து நடந்த ஞாபகம்கூட இருக்காது.

சந்தின் வாயில் சந்திரம்மாளின் டீக்கடை. நாற்பது வயசு, நாக்கில் நெருப்பு. கடையின் பலகையில் வரிசையாக ஆணி அடித்து வைத்திருந்தாள். சந்துக்குள் போகிறவர்கள் கழுத்தில் தொங்கும் கம்பெனி அடையாள அட்டையைக் கழற்றி அந்த ஆணியில் மாட்டிவிட்டுத்தான் போக வேண்டும்.

"கார்டோட போனா நீ டூட்டில கீறன்னு சந்து நினைச்சிக்கும். அப்புறம் வுடாது," என்பாள்.

"உனுக்கு எப்புடிக்கா தெரியும்?" என்று யாராவது கேட்டால், "டீல சக்கரை போடணும்னு எப்புடித் தெரியும்? அப்புடித்தான்," என்பாள். அதற்கு மேல் யாரும் கேட்டதில்லை, யாரும் சோதித்துப் பார்த்ததும் இல்லை.

பிள்ளைப்பாக்கத்துப் பெண் சசிரேகா செல்போன் கம்பெனியில் ஏ ஷிப்ட். கண்ணாடி வழியாகச் சாமானைப் பார்த்து மயிரிழை கீறலையும் கண்டுபிடித்துத் தள்ளி வைக்கிற வேலை. அவள் புருஷன் மோகன் குன்றத்தூர்க்காரன், கியர் கம்பெனியில் நிரந்தர பி ஷிப்ட். சுங்குவார்சத்திரத்தில் ஒற்றை ரூமில் குடித்தனம். அவன் வேலை முடிந்து வரும்போது அவள் தூங்கிக்கொண்டிருப்பாள், அவள் வேலைக்குப் போகும்போது அவன் தூங்கிக்கொண்டிருப்பான். ஞாயிற்றுக்கிழமை அவனுக்கு ஓ.டி., இல்லாவிட்டால் அவளுக்குத் துணி. கல்யாணமான முதல் ஒன்றரை வருஷம் ஒருவரை ஒருவர் டிபன் பாக்ஸ் மூலமாகத்தான் தெரிந்துகொண்டார்கள். குழம்பு மிச்சமிருந்தால் புளிப்பு ஜாஸ்தி, காலியாக வந்தால் சந்தோஷம். இதற்குப் பெயர் கல்யாணம் என்றால் நான் என்ன சொல்வது?

பிறகுதான் சந்து தெரியவந்தது. தினமும் நான்கு மணி நேரம். அவன் சிரிக்கும்போது முதலில் தோள்தான் குலுங்கும், சத்தம் பிறகுதான் வரும் என்பதை அவள் அங்கேதான் கண்டாள். முதல் சண்டை, முதல் சமாதானம், பிள்ளை பிறந்தால் என்ன பெயர் என்ற வாக்குவாதம் எல்லாம் அந்த மதிலடியில்தான். ரூம் தூங்குகிற இடம், சந்துதான் வீடு என்று ஆகிவிட்டது.

தப்பு நடந்தது ஒரு திங்கட்கிழமை. கியர் கம்பெனிக்குப் புதிதாக வந்த சேப்டி ஆபீசர், மிஷின் பக்கம் கழுத்தில் எதுவும் தொங்கக் கூடாது, சுற்றுகிற இடத்தில் மாட்டினால் உயிர் போகும் என்று எல்லாருடைய கழுத்துப் பட்டையையும் முந்தின ஷிப்டில் பிடுங்கியிருந்தார். கார்டைச் சட்டைப் பைக்குள் கிளிப் போட்டு வைத்துக்கொள்ளச் சொன்னார். நல்ல மனிதர், நல்ல யோசனை. மோகனின் கழுத்து காலியாக இருந்தது. சந்திரம்மாள் கழுத்தைத்தான் பார்ப்பாள், பையைப் பார்க்கமாட்டாள். அவனுக்கோ அந்தக் கார்டு உடம்பில் ஒரு எலும்பு மாதிரி, இருப்பதே நினைவில் இல்லை.

இரண்டாவது சைரன் ஊதியது. சசிரேகா டீக்கடை வாசலில் நின்றாள். ஏதோ சொல்லத் திரும்பினாள், பக்கத்தில் அவன் இல்லை. சந்துக்குள் ஓடினாள். பதினோரு எட்டில் சுவர் முட்டியது. சுவரைக் கையால் அடித்தாள், பெயர் சொல்லிக் கூப்பிட்டாள். சந்திரம்மாள் வந்து இழுத்துக்கொண்டு போய் உட்கார வைத்து, கேட்காமலே டீ கொடுத்தாள். நாளைக்கு ஒன்று ஐம்பத்தைந்து வரை செய்வதற்கு ஒன்றுமில்லை.

மறுநாள் முதல் சைரன் நிற்பதற்குள் அவள் உள்ளே இருந்தாள். வழக்கமாக உட்காரும் இடத்தில் மோகன் நின்றுகொண்டிருந்தான். அவளைப் பார்த்ததும் முகமெல்லாம் மலர்ந்தது. ஆனால் ஓரடி எடுத்து வைக்கவில்லை.

"ரிலீவர் வரல சசி," என்றான். சொல்லிவிட்டு அவனே சிரித்தான்.

அவன் லைனில் அது கட்டளை. அடுத்த ஷிப்ட் ஆள் வந்து, மிஷினை ஒப்புக்கொண்டால்தான் இந்த ஷிப்ட் ஆள் நகரலாம். தலை போகிற அவசரமானாலும் இடத்தை விடக் கூடாது. சந்து அதை அப்படியே பிடித்துக்கொண்டது. வாய்ப்பக்கம் நான்கைந்து எட்டு வைத்தால் கால் தானாகத் திரும்பி வந்துவிடுகிறதாம். கார்டைக் கழற்றி அவளிடம் கொடுத்து வெளியே அனுப்பிப் பார்த்தான், அதற்கும் பலனில்லை. ஒருமுறை டூட்டியில் ஏற்றினால் ஏற்றியதுதான்.

"நான் என் கார்ட மாட்டிகினு வரேன் மாமா. உன்ன ரிலீவ் பண்றேன்."

"அப்புறம் உன்ன யாரு ரிலீவ் பண்ணுவா? நான்தான் வருவேன். இது எங்க போயி முடியும்? வேணாம். எனுக்கு இன்னா கஷ்டம், பசியில்ல, சூப்பர்வைசர் இல்ல. நீ தெனம் வா, போதும்."

அவன் கம்பெனியில், அவனுக்குக் காய்ச்சல் என்று சொன்னாள். மாமியாரிடம், அவன் போன் ரிப்பேர் என்று சொன்னாள். சாயந்திரமெல்லாம் யோசித்தாள், வழி தெரியவில்லை. ஆனால் இன்னொன்றும் இருந்தது, அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். செவ்வாயும் புதனும் அந்தச் சந்துக்குள் அவள் சந்தோஷமாக இருந்தாள். முன்பெல்லாம் கடைசி ஒரு மணி நேரம் அவன் காது சைரன் பக்கம் போய்விடும், பேச்சில் பாதி ஆள்தான் இருப்பான். இப்போது முழு ஆளும் அவளுக்கு. அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான். புதன்கிழமை, லைன் லீடர் வசந்தகுமார் அவசரத்தில் இரண்டு காலுக்கும் இடது ஷூவையே போட்டுக்கொண்டு வந்து நாள் முழுக்க ஒரு தினுசாக நடந்த கதையைச் சொன்னாள். மோகன் தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டான். வெளியே வந்து பஸ்ஸில் உட்கார்ந்தபோது அவளுக்குத் தன்னை நினைத்தே வெட்கமாக இருந்தது. புருஷன் மாட்டிக்கொண்டிருக்கிறான், இவளுக்கு மனசு நிறைந்திருக்கிறது.

வியாழக்கிழமை போய் உட்கார்ந்து, பேசிக்கொண்டே இருந்தாள். இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகியிருக்கும்.

"அந்த வசந்தகுமாரு இன்னிக்கு இன்னா பண்ணான் தெரியுமா?"

"யாரு வசந்தகுமாரு?" என்றான் மோகன். உடனே, "ஆங், ஆமா ஆமா. சொல்லு," என்றான்.

மயிரிழை கீறலைக் கண்டுபிடிக்கிறவளிடம் அது நடக்குமா? அவள் பேச்சை நிறுத்தினாள்.

"நேத்து உனுக்கு இன்னா சொன்னேன்?"

"நேத்தா?" மோகன் மதிலைப் பார்த்தான், காலைப் பார்த்தான். "ஏதோ… செருப்பு பத்தி."

அப்போதுதான் அவள் கணக்கைத் திருப்பிப் போட்டாள். வெளியே பத்து நிமிடம், உள்ளே நான்கு மணி. இந்தக் கணக்கு சந்துக்குப் போகிற எல்லாருக்கும் தெரியும். வெளியே ஒரு நாள் என்றால் உள்ளே எவ்வளவு என்று அவள் போட்டுப் பார்க்கவில்லை. மறந்துவிட்டாள் என்று சொல்லமாட்டேன், போட மனசு வரவில்லை. இருபத்து நான்கு நாள். அவள் வந்து போன ஒவ்வொரு நாளுக்கும் நடுவில் அவன் இருபத்து நான்கு நாள் தனியாக இருந்திருக்கிறான். திங்களிலிருந்து இன்றுவரை எழுபத்திரண்டு நாள்.

"மாமா," என்றாள்.

"ராத்திரிதான் கொஞ்சம் நீளம்," என்றான் அவன், ஏதோ பஸ் லேட் என்று சொல்வதைப் போல. "ஒரு ராத்திரி பன்னெண்டு நாளு வருது. இருட்டுல ஒக்காந்துகினு நீ சொன்னத ஒண்ணொண்ணா எடுத்து நெனைச்சிப்பேன். நெனைச்சி நெனைச்சி தேஞ்சி பூடுது சசி. அதான் மறந்துட்டேன். கோச்சிக்காத."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"சொன்னா நீ வெளில தூங்குவியா, சாப்புடுவியா? நீ வர்ற அந்த நாலு மணி நேரத்துல உன் மூஞ்சி நல்லா இருக்கணும்னுதான்."

அவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அவன் அவளைச் சிரிக்கவைக்கப் பார்த்தான். "அட, மிஷினுக்குக்கூட வருசத்துல ஒரு நாள் லீவு கீது. ஆயுத பூஜை அன்னிக்கு சுவிட்ச ஆப் பண்ணி, பொட்டு வச்சிட்டா அவ்ளோதான், யாரும் கை வைக்கக் கூடாது. ரிலீவரும் வேணாம், ஒண்ணும் வேணாம். எனுக்கு அந்தக் குடுப்பினைகூட இல்ல."

சசிரேகா அழுகையை நிறுத்திவிட்டு அவனைப் பார்த்தாள். பார்த்தபடியே எழுந்தாள்.

"ஆயுத பூஜைக்கு இன்னும் ரெண்டு மாசம் கீது சசி," என்றான் அவன், அவள் நினைப்பது புரிந்து.

"இந்த சந்துக்கு தேதி தெரியுமா?"

மோகன் மதிலைத் தடவினான். பிறகு மெதுவாகச் சொன்னான். "ஆப் பண்ணா, மறுநாள் ஆன் பண்றதுக்கு ஒரு ஆள் வேணும். இதுக்கு சுவிட்ச் எங்க கீதுன்னு யாருக்குத் தெரியும்? நின்னா நின்னதுதான். நமக்கு இதான வூடு."

அவளுக்கும் அது தெரிந்துதான் இருந்தது. இத்தனை நாள் பேசியது, சிரித்தது எல்லாம் அந்த மதிலடியில்தான் இருந்தது. இது போனால் மறுபடியும் டிபன் பாக்ஸ்தான்.

"நீ இல்லாத வூடு எனுக்கு எதுக்கு?" என்று சொல்லிவிட்டு ஓடினாள்.

அன்றைக்கு உள்ளே இருந்த இன்னொரு ஆள் ஷெர்லின்தான், வழியில் துப்பட்டாவை விரித்துத் தூங்கிக்கொண்டிருந்தாள். சசிரேகா லைனில் வேலை பார்க்கும் பெண். வீட்டில் அம்மா படுத்த படுக்கை, இந்த நான்கு மணி நேரம்தான் அவளுக்கு ஒரு நாளைக்கு உருப்படியான தூக்கம். அவளைக் கேட்காமல் செய்வது நியாயமில்லை என்று சசிரேகாவுக்குத் தோன்றியது. தட்டி எழுப்பி நான்கு வார்த்தையில் சொன்னாள்.

ஷெர்லின் கண்ணைக் கசக்கிக்கொண்டு கேட்டாள். "அப்ப நான் எங்கக்கா தூங்கறது?"

ஷெர்லின் தூரத்தில் நின்ற மோகனைப் பார்த்தாள். பிறகு துப்பட்டாவை உதறி மடித்தாள். "எனுக்கு உங்க பூஜைலாம் தெரியாது. இன்னா பண்ணணும் சொல்லுக்கா," என்றாள்.

வெளியே வந்தபோது கடைக் கடிகாரத்தில் இரண்டு மணி தாண்டி ஒரு நிமிடம். கடைக்குப் போய் வாங்கிவர நேரமில்லை. இந்தச் சைரனை விட்டால் அவனுக்கு இன்னும் இருபத்து நான்கு நாள், அதில் பன்னிரண்டு இருட்டு.

"அக்கா, எலுமிச்சம்பழம், கத்தி, கற்பூரம், பொரி. சீக்கிரம்."

"இன்னாடி, என் கடைய இன்னா கோயில்னு நினைச்சியா?" என்று கத்திக்கொண்டேதான் சந்திரம்மாள் எல்லாவற்றையும் எடுத்தாள். லெமன் டீக்கு வைத்திருந்த பழம் நான்கு. சாமி படத்தின் முன்னால் இருந்த கற்பூரமும் குங்குமமும். கம்பியில் தொங்கிய பொரிப் பாக்கெட்டு மூன்று. சந்தனம் இல்லை, பஜ்ஜி மாவுக்கு வைத்திருந்த மஞ்சள் தூளை டம்ளரில் கரைத்துக் கொடுத்தாள். தீப்பெட்டியை மறந்துவிட்டு ஓடிய சசிரேகாவின் பின்னால் அதை எறிந்ததும் சந்திரம்மாள்தான்.

மறுபடி உள்ளே போனபோது சைரனுக்கு இரண்டு நிமிடம் இருந்தது. உள்ளே அது முக்கால் மணி நேரத்துக்கு மேல். சசிரேகா பதறாமல் செய்தாள். ஷெர்லினும் அவளும் ஆளுக்கொரு மதிலில் மஞ்சள் பொட்டு வைத்து, அதன்மேல் குங்குமம் வைத்துக்கொண்டே போனார்கள். தரையைத் துப்பட்டாவாலேயே பெருக்கினாள் ஷெர்லின். எல்லாம் முடிந்ததும் சசிரேகா ஆயுதத்தைத் தேடினாள். அந்த இடத்தில் ஆயுதம் என்று இருந்தது மோகனின் கை இரண்டும்தான். அவன் நீட்டினான். கியர் கடைந்து காய்த்துப்போன கை. புறங்கை ஒவ்வொன்றிலும் பொட்டு வைத்தாள்.

கற்பூரம் ஏற்றினாள். எலுமிச்சம்பழத்தை அறுத்துக் குங்குமம் தடவி இரண்டு பக்கமும் பிழிந்தாள்.

"மாமா, சுவிட்ச ஆப் பண்ணு."

வருஷா வருஷம் அவன் லைனில் மிஷினை நிறுத்துகிறவன் அவன்தான். கண்ணை மூடிக்கொண்டு, மதிலில் கைக்கு எட்டிய செங்கல்லை உள்ளங்கையால் அழுத்தினான். ஒன்றும் நடக்கவில்லை. கற்பூரம் எரிந்தது. மேலே காக்கை அந்தரத்தில் நீந்திக்கொண்டிருந்தது. சசிரேகா விடவில்லை. பூஜை முடிந்தால் எல்லாருக்கும் பொரி கொடுக்க வேண்டும். பாக்கெட்டைப் பிரித்து ஷெர்லினுக்கு ஒரு பிடி கொடுத்தாள், அவன் கையில் ஒரு பிடி வைத்தாள். அவன் வாயில் போட்டு மென்றான். இன்னொரு பிடி கேட்டான். பிறகு பாக்கெட்டையே வாங்கிக்கொண்டான்.

"சசி," என்றான், வாய் நிறையப் பொரியோடு. "பசிக்குது."

வெளியே ஒரு லாரி ஹார்ன் அடித்தது. சின்னதாக, சாதாரணமாக அடித்து நின்றது. காக்கை சடசடவென்று மதிலைத் தாண்டிப் போனது. அவர்களுக்குப் பின்னால் இரண்டெட்டில் முட்டுச்சுவர் நின்றது, அதிலும் ஷெர்லின் மதிலில் வைத்த மாதிரியே ஒரு பொட்டு இருந்தது. மோகன் ஒரு கால் எடுத்து வைத்தான், இன்னொன்று வைத்தான், கால் திரும்பவில்லை. டீக்கடை வரை நடந்து வந்து பெஞ்சில் உட்கார்ந்தான். சந்திரம்மாள் அவன் சட்டைப் பையைத் தடவிப் பார்த்துவிட்டு, வாயில் வந்தபடி திட்டிவிட்டு, நான்கு பஜ்ஜி வைத்தாள். சைரன் ஊதியது. அவன் அன்றைக்கு வேலைக்குப் போகவில்லை. சத்திரம் ரூமுக்குப் போய், விளக்கை அணைக்க விடாமல் ஒரு வாரம் தூங்கினான்.

சந்து அதோடு சரி. எத்தனையோ பேர் எத்தனையோ செங்கல்லை அழுத்திப் பார்த்துவிட்டார்கள். இப்போது எந்த நேரம் போனாலும் பதினோரு எட்டுதான். ஷெர்லின் வீட்டுக்குப் போகிற பஸ்ஸில் சசிரேகாவின் தோளில் சாய்ந்து தூங்குகிறாள், அவள் ஸ்டாப் வரும்வரை சசிரேகா அசையாமல் உட்கார்ந்திருக்கிறாள். மோகன் காய்ச்சல் சர்டிபிகேட் கொடுத்து வேலையில் சேர்ந்தான். அதே பி ஷிப்ட், அதே ரூம், அதே டிபன் பாக்ஸ். மிச்சம் இருப்பது ஒன்று ஐம்பத்தைந்திலிருந்து இரண்டு ஐந்து வரை, டீக்கடை பெஞ்சில், நாலு பேர் பார்க்க, வெறும் பத்து நிமிடம்.

முதல் நாள் சசிரேகா கேட்டிலிருந்து ஓடி வந்தாள். மூச்சு வாங்க உட்கார்ந்தாள். வீட்டுக்காரர் வாடகை கேட்டு வந்தது, மாமியார் போன் பண்ணியது, வசந்தகுமார் மறுபடி ஏதோ செய்தது என்று எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினாள். பாதிப் பாதி வாக்கியமாக விழுந்தது. கண் கடிகாரத்திலேயே இருந்தது.

மோகன் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, எல்லாரும் பார்க்க அவள் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டான்.

"மெதுவா சொல்லு சசி," என்றான். "இன்னும் ஒம்போது நிமிசம் கீது."